உதடு மூடும் இடம்

திரையில் ஒரு பெண் வாயைத் திறக்கிறாள். மூடுகிறாள். மேல்பல்லைக் கீழுதட்டில் வைக்கிறாள். பிறகு வாயைத் திறந்து, திறந்த வாக்கிலேயே நிறுத்திவிடுகிறாள். எல்லாம் சேர்ந்து ஒரு வினாடிக்குள் முடிந்துவிடுகிறது. அந்த வாய்க்குள் உட்காருகிற ஒரு தமிழ் வசனம் வேண்டும். வசனகர்த்தா முந்தாநாள் முதல் தேடுகிறார், கிடைக்கவில்லை.

டப்பிங் வேலை எப்படி நடக்கிறது என்று தெரிந்தால் அவருடைய சங்கடம் புரியும். பேசுகிறவருடைய வாயில் பார்க்கிறவர் கண்ணுக்குத் தெரியும் எழுத்துகள் கொஞ்சம்தான். ப, ம இரண்டுக்கும் உதடு ஒட்டியாக வேண்டும். வ சொல்லப் பல் உதட்டைத் தொட வேண்டும். க, த, ர, ன எல்லாம் நாக்கு உள்ளே செய்யும் வேலை. வெளியே இருந்து பார்த்தால் ஒன்றும் தெரியாது. ஆகவே வசனகர்த்தாவுக்குச் சட்டம் ஒன்றுதான்: திரையில் உதடு மூடுகிற இடத்தில் ஒரு ப அல்லது ம விழ வேண்டும், பல் படுகிற இடத்தில் ஒரு வ விழ வேண்டும், மற்ற இடங்களில் எதை வேண்டுமானாலும் போட்டுக்கொள்ளலாம். உதடு திறந்திருக்கும்போது ம கேட்டால் பார்க்கிறவருக்கு என்ன தப்பு என்று சொல்லத் தெரியாது. ஆனால் சேனலை மாற்றிவிடுவார்.

அந்தப் பெண் ஆங்கிலத்தில் சொல்வது இதுதான்: 'ஐ ஆம் ஃபெயின்.' 'ஃபைன்' இல்லை, 'ஃபெயின்'. பழைய காலத்துக் கடற்கரைக் கதை. படகுக்காரன் காய்ச்சலில் போய்விடுகிறான். அவன் மனைவிக்கு வீடும் இல்லை, ஆளும் இல்லை. படகு கட்டும் தச்சன் ஒருவன் தன் வீட்டுக்கு வாழ வரச் சொல்கிறான். அதற்கு அவள் சொல்லும் பதில்தான் அந்த ஒரு வினாடி. முகம் திரை முழுக்க நிற்கிறது, இமைகூடத் தப்பாது. எபிசோடு அதோடு முடிகிறது.

அவளுக்குத் தமிழில் குரல் கொடுப்பவர் வசனகர்த்தாவின் மனைவி. இதைச் சாதாரணமாக எடுத்துக்கொள்ளக் கூடாது. கல்யாணமான புதிதிலிருந்து அவள் மைக் முன்னால் பேசிய ஒவ்வொரு வசனமும் இவர் எழுதியது. அவளுக்கு எத்தனை சொல்லுக்கு ஒருமுறை மூச்சு தேவைப்படும், எந்த எழுத்தில் குரல் கம்மும், அழுகை வசனத்துக்கு முன்னால் எந்தப் பக்கம் தலையைச் சாய்ப்பாள் எல்லாம் அவருக்கு அத்துப்படி. தையல்காரர் அளவெடுத்த சட்டை மாதிரி அவள் வாய்க்கு அளவெடுத்த வசனம். வீட்டில் அவள் இவரிடம் பேசியதைவிட ஸ்டூடியோவில் இவருடைய சொற்களைப் பேசியதுதான் அதிகம். இவர் அதில் குறை எதுவும் கண்டதில்லை.

இப்போது அந்த வாய்க்கு இன்னொருவன் எழுத வந்துவிட்டான்.

வந்ததற்குக் காரணமும் இதே சொல்தான். சில எபிசோடுகளுக்கு முன் அந்தப் பெண், செத்துப்போன கணவனின் படகை விற்றதைப் பற்றிப் பேசுகிறாள். அங்கேயும் 'ஃபெயின்' வந்தது. வசனகர்த்தா கையடக்க அகராதியைப் புரட்டினார். 'மகிழ்ச்சியான' என்று இருந்தது. 'படகைச் சந்தோஷமாத்தான் வித்தேன்' என்று எழுதினார். உதடு அப்படி ஒட்டியது. தானே இரண்டு தரம் போட்டுப் பார்த்து ரசித்தார். ஒளிபரப்பான பிறகு, புருஷன் செத்த ஈரம் காயுமுன் படகை விற்றுக் கொண்டாடிய இவள் என்ன பெண் என்று பார்த்தவர்கள் கேட்டார்கள். டப்பிங் கம்பெனி உடனே இலக்கியம் படித்த ஒரு பையனை அனுப்பிவைத்தது. இந்தக் கடைசி வசனத்தை யார் எழுதியது தேறுகிறதோ அவர்தான் மீதித் தொடர் முழுக்க எழுதுவது என்றும் சொல்லிவிட்டது. இன்று சாயங்காலம் அனுப்பியாக வேண்டும்.

பையனுக்கு 'அகராதி' என்று பெயர் வைத்தது சவுண்டு இன்ஜினியர். அந்த இன்ஜினியருக்கு ஏற்கெனவே 'காது' என்று பெயர் இருந்ததால் பட்டப்பெயர் விஷயத்தில் அவருக்கு அனுபவம் உண்டு.

காலையில் கன்சோல் அறையில் அகராதி விளக்கம் சொன்னான். வசனகர்த்தாவின் மனைவி கன்னத்தில் கை வைத்துக்கொண்டு கேட்டாள்.

"இது ஒரு பழைய பெயரடை அக்கா. இப்ப இதை யாரும் பேசறதில்லை. ஆதியில இதுக்கு சந்தோஷம்னு மட்டும்தான் அர்த்தம். ரொம்ப நாள் கடல்ல கிடந்தவனுக்குக் கரை தெரிஞ்சா வருமே, அந்த சந்தோஷம்."

"சரி."

"அப்புறம் அது மெல்ல நகருது. பசியில இருக்கோம், காஞ்ச ரொட்டிதான் கிடைக்குது. வாங்கிக்கறோம். அதுவும் சந்தோஷம்தானே? ஆனா நல்லது கிடைக்காததால வந்த சந்தோஷம். கிடைச்சதே பெருசுங்கற மாதிரி. அதுக்கும் இதே வார்த்தையைப் போட ஆரம்பிச்சாங்க."

"எப்பவும் இருக்கறதுதானே" என்றாள் அவள்.

"அதையே சொல்லிச் சொல்லி சந்தோஷம் தேய்ஞ்சு போச்சு. கடைசியில வேற வழியில்லாம செஞ்சேன்னு மட்டும் மிச்சம். படகு வித்தது அந்தக் கணக்கு. ஒரே வார்த்தை, இந்த முனையில ஆசை, அந்த முனையில கட்டாயம். நடுவுல காஞ்ச ரொட்டி."

"இந்த சீன்ல எது?"

"மூணும்தான்க்கா. அவளுக்கு அந்தத் தச்சனைப் பிடிக்கும். ஆனா முதல்ல பிடிச்சவன் அவன் இல்லை. போக்கிடமும் இல்லை. எல்லாத்தையும் ஒரே வார்த்தையில சொல்றா."

"எவ்வளவு தெளிவா சொல்றான் பாருங்க" என்று அவள் கணவனைப் பார்த்தாள்.

"பாத்துட்டுத்தான் இருக்கேன்" என்றார் வசனகர்த்தா.

காது கன்சோலைத் துடைக்கிற சாக்கில் குனிந்துகொண்டார்.

வசனகர்த்தாவைக் குத்தியது மூன்றாவது அர்த்தம் இல்லை, நடுவில் இருந்த காய்ந்த ரொட்டி. கல்யாணத்துக்கு முன் அவளுக்கு வேறோர் இடம் பேசி முடிவாகி இருந்தது. மாப்பிள்ளை கப்பல் கம்பெனி அதிகாரி. என்ன காரணத்தாலோ அது தட்டிப் போன பிறகுதான் இவர் வீட்டுக்கு ஆள் வந்தது. அப்போது யாரும் ஒளிக்கவில்லை, இவரும் பெரிதாக நினைக்கவில்லை. இத்தனை வருஷமும் அது ஒரு தகவலாக ஓரமாகக் கிடந்தது. இன்று ஒரு பொடியன் வந்து அதற்கு ஆங்கிலத்தில் பெயர் சொல்லிவிட்டுப் போகிறான்.

பதினோரு மணி வாக்கில் அகராதி தன் வசனத்தை எழுதிக்கொண்டு ஒலிப்பதிவு அறைக்குள் போனான். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவனும் அவளும். இந்தப் பக்கம் காதும் வசனகர்த்தாவும். நடுவில் பேச்சு வர வேண்டுமானால் கன்சோலில் ஒரு பொத்தானை அழுத்த வேண்டும். காது அழுத்தவில்லை. வசனகர்த்தா கேட்கவும் இல்லை. சத்தமில்லாமல் இரண்டு வாய்கள் அசைந்தன.

வாயைப் பார்த்து வசனம் கட்டுவது அவருக்குத் தொழில். கை தானாக ஓடியது. அவள் உதடு ஒட்டியது, பல் பட்டது, திரும்ப உதடு ஒட்டியது: 'பாவம்' என்று இருக்கலாம். யார் பாவம்? அவன் தலையாட்டினான். அவள் இரண்டு தரம் உதட்டை ஒட்டிச் சிரித்தாள்: 'மனுஷனுக்கு ஒண்ணும் தெரியாது' என்பது அச்சாகப் பொருந்தியது. ஆனால் அதே அசைவுக்கு 'மணி இப்ப என்ன ஆச்சு' என்பதும் பொருந்தும், 'மைக் கொஞ்சம் தள்ளி இருக்கு' என்பதும் பொருந்தும். ப எது, ம எது என்று உதடு சொல்லாது. இது அவருக்கே நன்றாகத் தெரியும். தெரிந்தும் மோசமான வசனத்தையே பொறுக்கிப் பொறுக்கி அந்த வாயில் வைத்துப் பார்த்தார். எல்லாம் ஒட்டியது.

"அண்ணே, பொத்தானை அமுக்கட்டுமா?" என்றார் காது.

"எதுக்கு?"

"நீங்க எழுதிட்டு இருக்கற வசனத்துக்கு ஒரிஜினல் என்னன்னு பாத்துக்கலாமேன்னு."

"வேலையைப் பாருடா."

அகராதி எழுதிய வசனம் 'மனம் நிறைய, வேறு வழியும் இன்றி' என்பது. அர்த்தத்தில் குறை சொல்ல முடியாது. ஆனால் திரையில் இருப்பவள் வாயைத் திறந்து நிறுத்தி, கண்ணும் நனைந்துவிட்ட பிறகும் இவள் குரல் 'வழியும் இன்றி' என்று போய்க்கொண்டே இருந்தது. பொம்மலாட்டம் மாதிரி ஆகிவிட்டது. இருந்தும் அவள் விடவில்லை. வேகமாகச் சொன்னாள், விழுங்கிச் சொன்னாள், மூச்சில் பாதியைக் கரைத்துச் சொன்னாள். தன் வசனத்துக்கு அவள் இவ்வளவு மெனக்கெட்டதை வசனகர்த்தா பார்த்ததில்லை. தன் வசனத்தில் மெனக்கெடும்படி எதையும் விட்டுவைத்ததில்லை என்பது அப்போது அவருக்கு நினைவுக்கு வரவில்லை.

அவன் வெளியே வந்தான். மூக்கில் வழுக்கிய கண்ணாடியை மேலே தள்ளிக்கொண்டு, "ஒட்டலை சார்" என்றான். "அர்த்தம் பாத்தா நீளுது. நீளம் பாத்தா அர்த்தம் போகுது. நீங்கதான் பண்ணணும்."

"என்கிட்ட அர்த்தம் இல்லையேப்பா. நான் படகைச் சந்தோஷமா வித்தவன்."

"அதுக்கு நீங்க என்ன சார் பண்ணுவீங்க, அகராதி எல்லாத்துலயும் அதுதான் முதல்ல இருக்கும். அக்கா சொன்னாங்க, பேசும்போதே உறுத்துச்சாம். படகை வித்தவ இப்படிப் பேச மாட்டாளேன்னு அன்னிக்கே தோணுச்சாம்."

அவன் நல்லெண்ணத்தில்தான் சொன்னான். வசனகர்த்தா ஹெட்போனை எடுத்து மாட்டிக்கொண்டு ஒலிப்பதிவு அறைக்குள் போனார். தச்சனுக்குக் குரல் கொடுப்பவர் சாயங்காலம்தான் வருவார். அதுவரை அவள் பதில் சொல்வதற்குத் தோதாகத் தச்சன் வசனத்தை யாராவது வாசிக்க வேண்டும். எப்போதும் இவர்தான் வாசிப்பார். முந்தைய வசனம் இவரே எழுதியது: 'என் வீட்டுக்கு வர்றியா?' அவ்வளவுதான். பதிலுக்கு இவர் 'சந்தோஷம்' போட்டுப் பார்த்தார். சத்திரத்தில் சாப்பிட்டுவிட்டு எழுந்த மாதிரி இருந்தது. 'சம்மதம்' போட்டுப் பார்த்தார். திரையில் வாய் திறந்தே நிற்க, காதில் ம் என்று மூடியது.

படம் ஓடியது. அவர் வசனத்தை வாசிக்கவில்லை.

"படகு வசனம் தப்புன்னு அவன்கிட்ட சொல்லியிருக்கே."

அவள் திரையிலிருந்து கண்ணை எடுத்தாள். "கேட்டான், சொன்னேன்."

"என்கிட்ட சொல்லலை."

"நீங்க கேக்கலை."

"கேட்டாத்தான் சொல்லுவியா?"

"நீங்க என்ன கேப்பீங்கன்னு எனக்குத் தெரியாதா? ஒட்டுதா, நீளுதா, மூச்சு பத்துதா. இத்தனை வருஷத்துல இதைத் தவிர ஏதாவது கேட்டிருக்கீங்களா? அந்தப் பையன் வந்த அன்னிக்கே கேட்டான், படகை விக்கும்போது அவளுக்கு எப்படி இருந்திருக்கும்னு. நான் யோசிச்சுச் சொன்னேன். அவ்வளவுதான் நடந்தது."

"நீ ஏதாவது சொன்னா நான் மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்குவேன்னு பயமா?"

"இப்ப எங்க வெச்சிருக்கீங்க?"

கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து காதின் குரல் வந்தது. "அண்ணே, மைக் ஆன்ல இருக்கு."

"இருக்கட்டும்" என்றார் வசனகர்த்தா. பிறகு அவளிடம், "சரி, இப்ப கேக்கறேன். அந்தக் கப்பல்காரன் இடம் தட்டிப் போகாம இருந்திருந்தா என்ன பண்ணியிருப்பே?"

அவள் அவரை ஏற இறங்கப் பார்த்தாள். சிரிக்கலாமா என்று ஒரு கணம் யோசித்தது முகத்தில் தெரிந்தது. சிரிக்கவில்லை.

"அங்க போயிருப்பேன்."

அவர் எதிர்பார்க்காத பதில் அது. அவள் குரலைப் பற்றி அவருக்குத் தெரியாதது இல்லை. அதில் கொஞ்சமும் நடிப்பில்லை.

"போய் அந்த மனுஷன்கூட இருந்திருப்பேன். உங்களை யாருன்னே தெரிஞ்சிருக்காது. வேற என்ன சொல்லணும்? உங்களுக்காகத் தவம் கிடந்தேன்னா? அப்ப எனக்கு வேற போக்கு இல்லை, நீங்க வந்தீங்க, பரவால்லைன்னு வந்தேன்."

"காஞ்ச ரொட்டி."

"ஆமா. அன்னிக்கு." அவள் ஹெட்போனைக் கழுத்துக்கு இறக்கினாள். "தப்பான கேள்வியைக் கேட்டுட்டு நிக்கறீங்க. அன்னிக்கு என்ன பண்ணியிருப்பேன்னு கேட்டா அதுக்குத்தான் பதில் வரும். இன்னிக்கு அந்த மனுஷன் கப்பலோட வாசல்ல வந்து நின்னா போவியான்னு கேளுங்க."

"போவியா?"

"போவேனா நான்" என்றாள். கணக்குச் சரிபார்க்கிறவள் மாதிரி அலுப்பாகச் சொன்னாள். "இத்தனை வருஷம் குப்பை கொட்டினப்புறம், போவியான்னு ஒரு கேள்வி. நாளைக்கு அவன் எழுதினாலும் நான்தான் பேசப்போறேன், நீங்க எழுதினாலும் நான்தான் பேசப்போறேன். வீட்டுக்கு யார்கூட வர்றேன்?"

 வசனகர்த்தாவுக்கு இன்னும் கொஞ்சம் வலித்தது. 'அன்னிக்கு' என்ற சொல் உள்ளே எங்கோ முள்ளாக நின்றது. அது நிற்கத்தான் செய்யும் போலிருந்தது. ஆனால் தொழில்காரனுடைய புத்தி அந்த வலிக்கு நடுவிலும் ஒரு விஷயத்தைப் பிடித்துக்கொண்டது. அவள் இவ்வளவையும் சொல்லி முடித்த பிறகு, 'போவியா' என்ற கேள்விக்கான பதில் மிகவும் சின்னதாக இருந்தது. கேள்வியிலேயே எல்லாம் இருந்ததால் பதிலில் எதையும் அடைக்க வேண்டி வரவில்லை.

"படத்தைப் பின்னாடி கொண்டு போடா" என்றார் மைக்கில்.

"எதுவரைக்கும் அண்ணே?"

"தச்சன் பேசற இடத்துக்கு."

முந்தாநாள் முதல் அவர் அந்தப் பெண்ணின் உதட்டை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்தார். தச்சன் பக்கம் கண்ணே போகவில்லை, அவன் பேச்சு சுலபம் என்று ஒரே மூச்சில் எழுதித் தள்ளியிருந்தார். இப்போது பார்த்தார். தச்சன் கேமராவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறான். கோட்டும் பிடரியும்தான் தெரிகின்றன. ஆங்கிலத்தில் அவன் ஒரே வரி பேசிவிட்டு வெகுநேரம் சும்மா நிற்கிறான். அவன் வாய் எப்போது திறந்தது, எப்போது மூடியது என்று உலகத்தில் யாராலும் சொல்ல முடியாது. அந்த முதுகுக்குள் எத்தனை சொல்லை வேண்டுமானாலும் வைக்கலாம்.

அவர் பென்சிலை எடுத்தார். எழுதி, அடித்து, மறுபடி எழுதினார். காகிதத்தை அவளிடம் காட்டுவதற்கு முன் கண்ணாடிப் பக்கம் திரும்பினார். இதைச் செய்வது அவருக்குச் சுலபமாக இல்லை.

"அகராதி, உள்ள வா. இதைப் படிச்சுப் பார். உன்னோட மூணு அர்த்தமும் இருக்கா?"

அவன் நின்றபடியே படித்தான். உதடு அசைந்தது. "இருக்கு சார். கட்டாயம் தச்சன்கிட்ட போயிடுச்சு. காஞ்ச ரொட்டியும் அவன்கிட்டதான். அக்காவுக்கு ஆசை மட்டும் மிச்சம்." காகிதத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, "முதுகை நான் பார்க்கவே இல்லை" என்றான்.

வசனகர்த்தாவுக்கு அது இனித்தது. இனித்ததை மறைக்கக் கொஞ்சம் இருமினார்.

"என்னங்க, ரொம்ப இருமாதீங்க, டேக் போகணும்" என்றாள் மனைவி.

முதல் டேக்கிலேயே உட்கார்ந்துவிட்டது. தச்சன் வரியை வசனகர்த்தா வாசித்தபடியே கம்பெனிக்கு அனுப்பினார்கள். சாயங்காலத்துக்கு முன்பே ஓகே வந்தது. மீதித் தொடரையும் அவரே எழுதலாம் என்றார்கள்.

"வசனம்னு போடற இடத்துல உங்க பேர்தானே அண்ணே?" என்றார் காது.

"என் பேர்தான். அர்த்தம்னு போடற இடத்துல அவன் பேரைப் போடு."

"அப்படி ஒரு இடமே கிடையாதேண்ணே."

"இருக்கற மாதிரி பண்ணு."

அகராதியும் அவளும் தாழ்வாரத்தில் காபி இயந்திரத்துக்குப் பக்கத்தில் நின்று எதற்கோ சிரித்தார்கள். வசனகர்த்தா அந்தப் பக்கம் பார்த்தார். வாயைப் படிக்கத் தொடங்கினார், பாதியில் விட்டுவிட்டார், மறுபடி தொடங்கினார். பிறகு எழுந்துபோய், என்ன விஷயம் என்று கேட்டார்.

அன்று பதிவான வசனம் இதுதான். தச்சன் முதுகைக் காட்டியபடி கேட்கிறான்: "உனக்கு வேற போக்கிடம் இல்லைன்னு எனக்குத் தெரியும். உன் மனசுல முதல்ல இருந்தவன் நான் இல்லைன்னும் தெரியும். நாளைக்கே வேற ஒரு வாசல் திறந்தாலும் என்கூட இருப்பியா?" அவள் சொல்வது ஒரே சொல்: "அப்பவுந்தான்." 'அ'வில் வாய் திறக்கிறது. 'ப்ப'வில் உதடு மூடுகிறது. 'வு'வில் பல் உதட்டில் படுகிறது. 'ந்தான்' என்று சொல்லும்போது உதடு மூட வேண்டியதில்லை, வாய் திறந்தபடியே நிற்கிறது.